ஏஞ்சல் எடுத்த ஸ்கோர் படம்

1999 ஜூன் 21, திங்கட்கிழமை. காலை ஒன்பதே காலுக்கு உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டில் காஞ்சிபுரம் பஸ் ஏறினாள் ஏஞ்சல். அங்கிருந்து சென்னை. கையில் ஒரு ஜவுளிக்கடைப் பை. அதில் இரண்டு சுடிதார், ஒரு பைபிள், ஒரு பிலிம் டப்பா. வழியனுப்ப வந்த அவள் அப்பா மாசிலாமணி, பஸ்ஸுக்கு வெளியே நின்று ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டிருந்தார்.

எதிர் டீக்கடை பெஞ்சிலிருந்து சக்திவேல் கத்தினான்: "டேய், நல்லா பாருங்கடா! நெஜமாவே ஏறிக்கினு போவுதா, இல்ல அதுவும் ஒட்டி வெச்ச படமா?"

பெஞ்சே சிரித்தது. அவள் திரும்பிப் பார்க்கவில்லை. நான் பார்த்தேன். பார்த்ததோடு சரி.

எட்டு வருடம் டூர் பஸ்களில் வேலை பார்த்து ராஜஸ்தானில் ஜெய்சால்மர், லடாக்கில் லே என்று சுற்றிவிட்டு ஊருக்குத் திரும்பியிருக்கிறேன். அதே டீக்கடை, அதே பெஞ்சு, அதே ஆட்கள். தொப்பை மட்டும் புதிது. அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு உடம்பு எரிகிறது. அதனால்தான் அவளைப் பற்றி எழுதுகிறேன்.

ஏஞ்சலுக்கு ஊர் சாலவாக்கத்துக்குப் பக்கத்தில் ஒரு காலனி. அப்பாவும் அம்மாவும் அடுத்தவர் நிலத்தில் நாற்று நட்டு, களை பறித்து அவளைப் பத்தாவது வரை படிக்கவைத்தார்கள். பிறகு உத்திரமேரூரில் முத்துகிருஷ்ணன் அண்ணன் ஸ்டூடியோவில் வேலைக்குச் சேர்ந்தாள். கல்யாண ஆல்பத்தில் போட்டோ ஒட்டுவது, ஓரம் வெட்டுவது, நெகட்டிவ் அடுக்குவது அவள் வேலை. ஆறு மாதத்தில் கேமராவுக்குப் பிலிம் போடுவதும் அவள்தான், அண்ணன் இல்லாத நேரத்தில் பாஸ்போர்ட் போட்டோ எடுப்பதும் அவள்தான்.

ஸ்டூடியோவுக்கு இரண்டு கடை தள்ளி என் அப்பா முனிரத்தினத்தின் வீடியோ கேம் கடை. நான்கு டிவி, டிவிக்கு ஒரு கேசட் பெட்டி. பையன்கள் விமானத்தை ஓட்டிச் சுட்டுக்கொண்டே இருப்பார்கள். அதிக ஸ்கோர் எடுத்தால் திரையில் பெயர் போட்டுக்கொள்ளலாம். ஆங்கிலத்தில் ஐந்து எழுத்துக்குத்தான் இடம். ஆனால் கரண்ட் போனால் பெயரும் ஸ்கோரும் அழிந்துவிடும். எங்கள் ஊரில் கரண்ட் போகாத நாள் எது? காலையில் ராஜாவாக இருந்தவன் மதியம் ஒன்றுமில்லாதவன். அதனால் ஸ்கோரைப் போட்டோ எடுத்துக் கடைச் சுவரில் ஒட்ட ஆசைப்பட்டார்கள்.

முத்துகிருஷ்ணன் அண்ணன் எடுத்துப் பார்த்தார். ஃபிளாஷ் அடித்தால் டிவிக் கண்ணாடியில் வெள்ளையாக ஒரு வெடிப்பு, அவ்வளவுதான். ஃபிளாஷ் இல்லாமல் வேகமாக எடுத்தால் திரைக்குக் குறுக்கே கறுப்புப் பட்டை. அவர் விட்டுவிட்டார். ஏஞ்சல் விடவில்லை. கல்யாண ரோலின் கடைசியில் மிஞ்சும் இரண்டு மூன்று படங்களை அண்ணனிடம் கேட்டு வாங்கிச் சோதித்தாள். விளக்கை அணைத்து, ஸ்டாண்டில் கேமராவை வைத்து, ஒரு நொடியில் பதினைந்தில் ஒரு பங்கு திறந்து மூடினால் எழுத்து எழுத்தாக விழுந்தது. தாலி கட்டும் படத்துக்கு அடுத்த நெகட்டிவில் சக்திவேலின் ஸ்கோர்: மூன்று லட்சத்துத் தொண்ணூற்றாறாயிரம். சுவர் நிறைந்தது. எல்லாம் அவள் எடுத்த படங்கள், ஒன்றிலும் அவள் பெயர் கிடையாது.

"படம் புடிச்சாச்சா? போய்க்கினே இரு. பொம்பளப் புள்ள நிக்கிற எடமா இது?" என்பார் அப்பா.

கடையைப் பெருக்கித் திறப்பது என் வேலை. அப்பா வருவது பத்து மணிக்கு. ஏஞ்சல் எட்டு மணிக்கே முதல் பஸ்ஸில் வந்துவிடுவாள். இரண்டு மணி நேரம் ஷட்டரை இறக்கிவிட்டு அவள் ஆடுவாள், நான் பக்கத்தில் உட்கார்ந்திருப்பேன். படம் எடுக்கும்போது பார்த்துப் பார்த்தே எந்த இடத்தில் எந்த விமானம் வரும் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. மே மாதத்தில் ஒருநாள் நான்கு லட்சத்துப் பதினெட்டாயிரம் வந்தது. ஐந்து எழுத்தில் தன் பெயரை அடித்தாள். சரியாகப் பொருந்தியது. படம் எடுத்தாள். பிரிண்ட் வந்ததும் சுவரில் சக்திவேலின் படத்துக்கு மேலே ஒட்டினாள்.

சக்திவேல் அரிசி மில்லுக்காரர் மகன். எங்கள் கடை இருந்த கட்டடமும் அவர்களுடையதுதான். படத்தைப் பிய்த்துக் கையில் எடுத்துக்கொண்டு கேட்டான்: "யார் ஆடுனதுன்னு இதுல எங்க கீது? எவனோ ஆடிட்டு இவ பேரை அடிச்சிருப்பான்."

"நான்தாண்ணா ஆடுனேன்."

"மூஞ்ச காட்டு அதுல."

சரி என்று போனாள். முகம் தெரிய வேண்டுமென்றால் வெளிச்சம் வேண்டும். வெளிச்சம் வந்தால் ஸ்கோர் வெளுக்கும். ஒரு வாரம் மண்டையை உடைத்துக்கொண்டாள். மறுபடி அதே அளவு ஸ்கோர் எடுத்த காலையில், ஷட்டரை இடுப்பளவு தூக்கிப் பிடிக்கச் சொன்னாள். "இன்னும் கொஞ்சம் எறக்கு சந்தியா. ஆங், அசையாத." கை கடுக்க நான் பிடித்துக்கொண்டிருந்தேன். வெயில் அவள் முகத்தில் மட்டும் விழுந்தது. கேமராவைத் தொடாமலே கிளிக் செய்யும் வயரை ஒரு கையில் பிடித்தபடி, டிவி முன்னால் மூச்சை அடக்கிக் குந்தியிருந்தாள். பிரிண்டில் மேலே ஸ்கோர், கீழே கறுப்புத் திரைக் கண்ணாடியில் பிரதிபலித்து, கொஞ்சம் மங்கலாக அவள் முகம். அப்படி ஒரு படத்தை நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

சக்திவேல் பார்த்தான். படத்தைப் புரட்டிப் பின்பக்கத்தையும் பார்த்தான். பிறகு சொன்னான்: "ரோஜாப்பூக்குள்ள பொண்ணு மாப்பிள்ளைய வெக்கிறவங்க, டிவிக்குள்ள மூஞ்ச வெக்க மாட்டாங்களா? ஸ்டூடியோ டிரிக்குடா இது."

அவளுக்கு வேலை தெரியும் என்பதே அவளுக்கு எதிரான சாட்சியாகிவிட்டது. அவனுக்குக் கேமராவில் பிலிம் போடக்கூடத் தெரியாது; அவன் சொன்னது நின்றது.

"அப்ப ஒக்காருங்க. ஒங்க முன்னாலயே ஆடுறேன்" என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை மதியம். கடை முழுக்கப் பையன்கள். முதலில் கிண்டல், விசில். ஒரு லட்சம் தாண்டியதும் விசில் நின்றது. மூன்று லட்சத்தில் யாரோ, "ஐயோ, சூப்பரா ஆடுதுடா" என்று தன்னை மறந்து சொன்னான். மூன்று லட்சத்துத் தொண்ணூறு. சக்திவேல் என் அப்பாவைப் பார்த்தான்.

திரை இருண்டது. நான்கு டிவியும், விளக்கும், ஃபேனும்.

"கரண்ட் போயிடுச்சுப்பா. அவ்ளோதான், கெளம்புங்க" என்றார் அப்பா.

ஏஞ்சல் எழுந்திருக்கவில்லை. "மொதலாளி, டீக்கடையில பாட்டு பாடிக்கினு கீதே. அது எந்தக் கரண்ட்டுல பாடுது?"

"அது வேற லைனு. பேஜார் பண்ணாம எழுந்து போம்மா."

மெயின் சுவிட்ச் இருந்த சுவரோரம்தான் நான் நின்றிருந்தேன். அப்பாவின் கை அதற்குப் போனதை, என் தோளுக்கு மேலே, பார்த்தேன். 'கரண்ட் போகலை.' இரண்டே வார்த்தை. காலையில் அவளுக்குக் கடையைத் திறந்துவிட்டது நான் என்று தெரிந்துவிடுமே என்று வாயை மூடிக்கொண்டேன். பதினெட்டு வயது என்பதெல்லாம் சாக்கு. ஏஞ்சல் என்னைப் பார்த்தாள். பிறகு எழுந்து சக்திவேலிடம் போனாள். அதுவரை அவனை அண்ணா என்றுதான் கூப்பிட்டிருக்கிறாள்.

"யோவ், தோத்துட்ட நீ. போய் உன் மில்லுல சொல்லு."

அவ்வளவுதான். மறுநாள் முத்துகிருஷ்ணன் அண்ணன் அவள் முகத்தைப் பார்க்காமல் சொன்னார்: "மில்லுக்காரர் வூட்டுக் கல்யாண ஆர்டர் கீதும்மா. நீ கொஞ்ச நாள் வராம இரு."

"எத்தினி நாளுண்ணா?"

"ஆல்பம் முடியிற வரைக்கும்."

அந்த ஆல்பத்தை அவளைத் தவிர வேறு யார் ஒட்டுவது? ஒரு வாரம் கழித்து, அந்தத் திங்கட்கிழமை, ஸ்டூடியோ சாவியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு பஸ் ஏறிப் போனாள்.

சென்னையில் ஒரு கலர் லேபில் ஐந்து வருடம் பிரிண்ட் போட்டாள். அங்கே வந்த ஒருவர் மூலமாக பெங்களூரில் செல்போன் கேம் செய்யும் கம்பெனிக்குப் போனாள். கேமை ஆடிப் பார்த்து, எங்கே தப்பு வருகிறதோ அந்தத் திரையை அப்படியே படம் பிடித்து அனுப்புவது வேலை. 2006-இல் டூர் பஸ் பெங்களூரில் தங்கியபோது போய்ப் பார்த்தேன். மேஜையில் மூன்று செல்போன், கம்ப்யூட்டர் முழுக்கப் படங்கள்.

"இங்கயும் வாயால சொன்னா நம்ப மாட்டானுங்க. 'என் மெஷின்ல வரலயே'ம்பானுங்க. படத்த அனுப்புனா மூடிக்கினு சரி பண்ணுவானுங்க. இன்னா, ஸ்டூடியோ டிரிக்குன்னு மட்டும் எவனும் சொல்றதில்ல."

"இன்னும் கோபமா?" என்று கேட்டேன்.

"பின்ன? தெனமும் வேலைக்கு அதையும் இட்டுக்கினுதான் போறேன்."

என்மேலும்தானா என்று கேட்கத் தைரியம் வரவில்லை.

2008 மார்ச்சில், நான் ஊர் திரும்பிய பிறகு, ஆர்குட்டில் சக்திவேல் எனக்கு எழுதினான். ஆங்கில எழுத்தில் தமிழ்: "ஹாய் சந்தியா. உத்திரமேரூர் கேம் பசங்கன்னு ஒரு குரூப் ஆரம்பிச்சிருக்கேன். பழைய ஸ்கோர் படம் ஒண்ணும் இல்ல. ஏஞ்சல்கிட்ட நெகட்டிவ் இருக்கும், கேட்டு வாங்கித் தா. அதோட ஸ்கோர்தான் டாப்புன்னு எங்க எல்லாருக்கும் அப்பவே தெரியும், ஹா ஹா. அன்னிக்கு உங்கப்பா மெயின ஆஃப் பண்ணது செம காமெடி. மூஞ்சி வேணாம், ஸ்கோர் மட்டும் போதும், நானே வெட்டிக்கிறேன்."

செம காமெடி. ஒரு பெண்ணின் வேலை போனது, ஊர் போனது. எல்லாருக்கும் அப்பவே தெரியும்.

அவனுக்கு எழுத என்னென்னவோ வசவுகள் வந்தன. எழுதவில்லை. ஒரு எழுத்தும் மாற்றாமல் ஏஞ்சலுக்கு அனுப்பினேன். கீழே, ஒன்பது வருடம் தாமதமாக, நான் பார்த்ததையும் சொல்லாமல் விட்டதையும் எழுதினேன்.

நான்கு நாள் கழித்து அவளிடமிருந்து வந்தது. அந்தப் படம்தான்: மேலே ஸ்கோர், கீழே முகம். கூடவே மூன்று வரி.

"வெட்டாம போடச் சொல்லு.
படம் எடுத்தது, ஆடுனது ரெண்டும் ஏஞ்சல்னு போடச் சொல்லு.
அதுக்குக் கீழ நீ உன் பேர்ல எழுது: அன்னிக்குக் கரண்ட் போகல."