பிரஷ் துடைத்த பலகை

அவனும் நானும் தென்காசியில் ஒரே வகுப்பில் படித்தோம். அவன் பாரிஸில் ஓவியன் ஆனான். நான் எங்கள் ஊர்க் கடைத்தெருவில் போர்டு எழுதுகிறவன் ஆனேன். இரண்டு தொழிலுக்கும் பெயின்ட்தான் வேண்டும் என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வேன். அது ஒருநாளும் ஆறுதலாக இருந்ததில்லை.

எட்டாம் வகுப்பில் ஓர் ஓவியப் போட்டி வைத்தார்கள். கோயில் கோபுரத்தை வரைய வேண்டும். அந்தக் காலத்தில் எங்கள் கோபுரம் மேல்நிலைகள் இல்லாமல், நடுவே பிளந்து, இரண்டு துண்டாக நின்றது. நான் அதை எல்லா நிலைகளோடும் உச்சியில் கலசங்களோடும் முழுசாக வரைந்தேன். அவன் பிளவை வரைந்தான். தாளின் இரண்டு ஓரத்திலும் கொஞ்சம் கோபுரம், நடுவெல்லாம் வானம். எனக்கு முதல் பரிசாக வர்ணப்பெட்டி கிடைத்தது. அவனுக்கு ஒன்றும் இல்லை.

“ஏலே, இல்லாததை வரைஞ்சு பரிசு வாங்கிட்டியே!” என்று முதுகில் தட்டினான். அவனுக்கு வருத்தமே இல்லை. அதுதான் எனக்கு முதலில் எரிச்சலைத் தந்தது.

பள்ளிப் படிப்பு முடிந்ததும் சென்னை ஓவியப் பள்ளிக்கு இருவரும் எழுதிப்போட்டோம். விண்ணப்பம் வரவழைத்ததே நான்தான். நான்கு பெரிய மனிதர்கள் முன்னால் உட்கார்ந்து பதில் சொல்ல வேண்டும் என்று கேள்விப்பட்டதும், எனக்குக் காய்ச்சல் என்று சொல்லிவிட்டேன். அவன் தனியாக ரயில் ஏறினான். மனிதர்களோடு பேச எனக்கு என்றுமே கூச்சம். போர்டு எழுதுவதில் ஒரு வசதி உண்டு, தெருவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கலாம்.

சில வருடங்களில் அவன் பாரிஸுக்குப் போனான். தபால் அட்டைகள் வந்தன. அங்கே குளிர், ரொட்டி கட்டையாக இருக்கிறது, ஒரு மாடியறையில் வரைகிறேன் என்று எழுதுவான். ‘நீ என்ன வரைகிறாய்?’ என்று ஒவ்வொரு அட்டையிலும் கடைசி வரியில் கேட்பான். நான் அந்த வாரம் எழுதிய போர்டை நினைத்துப் பார்ப்பேன். ‘இங்கே எல்லோரும் சுகம்’ என்று பதில் போடுவேன்.

ஒருநாள் சலூனில் ஒரு வாரப் பத்திரிகையைப் புரட்டினால் அவன் படம். கோட்டுப் போட்டுக்கொண்டு, ஆள் உயரச் சித்திரம் ஒன்றின் முன் நின்றான். அதில் உருவம் எதுவும் இல்லை. வெறும் நிறங்கள். சலூன்காரர் கத்தரிக்கோலோடு எட்டிப் பார்த்தார்.

“நம்ம ஊர் பயலா? இதுல தலை எங்கன, கால் எங்கன?”

“அதை அவனே தேடிக்கிட்டுதான் இருக்கான் அண்ணாச்சி” என்றேன்.

கடையில் இருந்தவர்கள் எல்லோரும் சிரித்தார்கள். நான்கு பேர் சிரிக்கும்படி நான் பேசியது அன்று ஒருநாள்தான். வீட்டுக்கு வந்த பிறகு அந்தப் படம் கண்ணை விட்டுப் போகவில்லை. நிறங்கள் நன்றாக இருந்தன. அதை எப்படி மறுப்பது?

அறுபதுகளின் நடுவில் ஒரு சாரல் காலத்தில் அவன் ஊருக்கு வந்தான். குற்றாலத்தில் குளித்துவிட்டு, ஈரத்தலையோடு நேராக என் பட்டறைக்கு வந்து நின்றான். அவன் வரப்போவது எனக்குத் தெரியும். அதற்காகவே எழுதி முடித்த ஆறு போர்டுகளைச் சுவரோரம் சாய்த்து வைத்திருந்தேன். துணிக்கடைக்கு எழுதிய போர்டில் நிழல் வைத்த எழுத்துகள், தொட்டால் கையில் தட்டும் போல இருக்கும். என் பெயரும் வலது மூலையில் சின்னதாக இருந்தது. அவன் வாயால் ஒரு வார்த்தை, ஒரே ஒரு ‘நல்லா இருக்கு’, அதற்குத்தான் காத்திருந்தேன்.

அவன் ஆறையும் வரிசையாகப் பார்த்துக்கொண்டே நடந்தான். “கைவேலை சுத்தமா இருக்குலே” என்றான். கை! பிறகு மூலைக்குப் போனவன் அப்படியே நின்றுவிட்டான்.

அங்கே ஒரு பலகை சாய்ந்திருந்தது. நான் பிரஷ் துடைக்கிற பலகை. நிறம் மாற்றும்போதெல்லாம் பிரஷில் மிஞ்சிய பெயின்டை அதில்தான் இழுத்து விடுவேன். பத்து வருடப் பெயின்ட் அதில் விரல் கனத்துக்கு ஏறிப்போயிருந்தது.

“இது யாரு வரைஞ்சது?”

“யாரும் வரையலை. பிரஷ் துடைக்கது அதுல.”

“நீயா?”

“பின்ன யாரு?”

குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிட்டான். கிட்டப் போனான், தள்ளி வந்தான், தலையைச் சாய்த்தான். என் ஆறு போர்டுகளுக்கும் சேர்த்து அவன் செலவழித்த நேரத்தைப்போல ஐந்து மடங்கு அதற்குச் செலவழித்தான்.

“ஏலே, இதை எனக்குக் குடு. அங்க கொண்டுபோய் என் படங்களோட தொங்க விடுதேன். மூலையில உன் பேரை எழுதிக் குடு. நாளைக்குச் சாயங்காலம் ரயிலு, அதுக்கு முந்தி வந்து எடுத்துக்கிடுதேன்.”

சரி என்று தலையாட்டினேன். அவன் போன பிறகு நானும் அதன் முன்னால் உட்கார்ந்து பார்த்தேன். சிவப்பு துணிக்கடை. பச்சை உரக்கடை. நீலம் பஸ் கம்பெனி. அதற்கு மேல் எனக்கு ஒன்றும் தெரியவில்லை. பாரிஸையோ அவன் போட்டிருந்த கோட்டையோ நினைத்து நான் பொறாமைப்பட்டது பெரிதில்லை. என் பட்டறையில், என் பலகையில் இருந்த ஒன்று அவன் கண்ணுக்குத் தெரிகிறது, எனக்குத் தெரியவில்லை. அதைத்தான் தாங்க முடியவில்லை.

குற்றாலத்தில் குடைக்கடை வைத்திருந்த பாய் ஒரு போர்டு கேட்டிருந்தார். அதற்கு இந்தப் பலகையின் அளவு ஏறக்குறைய சரியாக இருந்தது. மறுநாள் காலை வெள்ளை பெயின்டைக் கலக்கினேன். பழைய பெயின்டைச் சுரண்டி, உப்புத்தாள் போட்டுத் தேய்த்துவிட்டுத்தான் வெள்ளை அடிக்க வேண்டும். இந்தத் தொழிலில் முதல் பாடமே அதுதான். நான் சுரண்டவில்லை, அப்படியே அடித்தேன். அரைகுறையாகக் காய்ந்ததும் இரண்டாம் பூச்சு அடித்தேன். மதியத்துக்குள் ‘குடை, தொப்பி, மழைக்கோட்டு’ என்று எழுதி, பக்கத்தில் விரித்த கறுப்புக் குடை ஒன்றையும் போட்டு, மூலையில் பெயரும் எழுதிவிட்டேன்.

சாயங்காலம் வந்தான்.

“பலகை எங்கலே?”

பிரஷால் காட்டினேன். அவன் அந்தப் போர்டையே பார்த்துக்கொண்டு நின்றான். எழுத்துகள் மேடுபள்ளத்தில் ஏறி இறங்கியிருந்தன. ஈரம் காயாத இடத்தை விட்டு, ஓரமாக ஒரு விரலால் தடவினான்.

“உள்ள இருக்கா?”

“இருக்கு.”

கோபித்துக்கொள்வான் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும்.

“குடை நல்லா இருக்குலே” என்றான்.

அவ்வளவுதான். போய்விட்டான். நான் காத்திருந்த வார்த்தை அதுதான், அதை இப்படித்தான் வாங்கினேன். அதன் பிறகும் அட்டைகள் வந்தன. ‘நீ என்ன வரைகிறாய்?’ என்ற வரி மட்டும் வரவில்லை.

அடுத்த சாரலில் பாய் தேடி வந்தார்.

“என்ன அண்ணாச்சி இப்படிப் பண்ணிட்டீங்க? போர்டு உரியுது. உள்ள இருந்து என்னென்னவோ கலர் வருது. சீசனுக்கு வந்தவங்க எல்லாம் மழையில நனைஞ்சுக்கிட்டே அதைப் பாக்காங்க, குடை வாங்க மாட்டேங்காங்க.”

புதுப் பலகையில் வேறு எழுதிக் கொடுத்துவிட்டுப் பழையதைத் தூக்கி வந்தேன். வெள்ளை முக்கால்வாசி போயிருந்தது. குடையின் பாதியும் போய்விட்டது. வலது மூலையில் மட்டும் பெயின்ட் பிடித்து நின்றது, என் பெயரோடு.

அவன் கேட்டது அதைத்தான். நிறமும் இருக்கிறது, பெயரும் இருக்கிறது. அவன் முகவரி என் மேசை இழுப்பறையில்தான் கிடக்கிறது. ஒரு அட்டை போட்டால் போதும்.

இன்றுவரை போடவில்லை. பட்டறையில் யாரும் இல்லாதபோது எப்போதாவது அதைத் திருப்பி வைத்து, அவன் மாதிரியே குத்துக்காலிட்டு உட்கார்ந்து பார்ப்பேன். பிரஷ் துடைத்த பலகையாகத்தான் தெரிகிறது. மறுபடியும் சுவர்ப் பக்கம் திருப்பி வைத்துவிடுவேன்.