மீசை வளைந்த வண்ணத்திப்பூச்சி

என் தம்பி தயாபரனின் மனைவி பிரியந்தினிக்கு எதையும் சும்மா பார்த்துவிட்டுப் போகத் தெரியாது. கிளிநொச்சிச் சந்தையில் ஒரு கத்தரிக்காயைப் பத்துத் தரம் திருப்பிப் பார்த்து வியாபாரியின் பொறுமையைச் சோதிப்பாள். நாற்பத்தாறு வயது. தம்பியின் பழைய முழுக்கைச் சட்டையைப் போட்டுக்கொண்டு, மூக்கு நுனியில் கண்ணாடியோடு வயல் வரம்பில் குந்தியிருப்பாள். வேலை செய்கிறாளா, வேடிக்கை பார்க்கிறாளா என்று எனக்குப் பலமுறை எரிச்சல் வந்திருக்கிறது. அவளில் எனக்குப் பிரியம் இல்லையென்று யாரும் நினைக்கவேண்டாம்.

வரம்பு முனையில், வேப்பமரத்தடியில் அவளுடைய தேனீப் பெட்டி இருக்கிறது. பாலைமரப் பொந்திலிருந்த கூட்டத்தைத் தன் கையாலேயே எடுத்துக் குடிவைத்தவள். இரண்டு தரம் பறந்துபோய், மூன்றாம் தரம்தான் நிலைத்தது.

இந்த மாரிகாலப் பயிரில், காலபோகத்தில், நெல்லின் மேல் மண்ணிறப் பூச்சிகள் விர்ரென்று பறந்தன. அவர்கள் வயலுக்கும் என் வயலுக்கும் ஒரே வரம்பு. போன வருடம் தண்டைத் துளைக்கும் புழுவால் என் கதிர்கள் வெளுத்துப் பதராகிப்போனதை நான் மறக்கவில்லை. அந்தப் புழுவுக்கு முட்டையிடும் அந்துப்பூச்சிதான் இது என்று முடிவுகட்டினேன். ஒரு வயலுக்கு மட்டும் மருந்தடித்தால் பூச்சி மற்றதற்குத் தாவும். ஆகவே சனிக்கிழமை காலை இரண்டுக்கும் அடிக்கவேண்டும், முதலில் உன் வயல் என்று தம்பிக்குக் கட்டளை போட்டேன். “ஓம் அக்கா” என்றான்.

அன்று பின்னேரமே பிரியந்தினி ஒரு ஜாம் போத்தலோடு என் குசினிக்கு வந்தாள். சுருண்ட நெல்லிலைக்குள் இருந்த பச்சைப் புழுவைப் போன மாதமே பிடித்துவந்து, இலை போட்டு வளர்த்திருக்கிறாள். இப்போது போத்தலுக்குள் அந்த மண்ணிறப் பூச்சி.

“மச்சாள், மீசையைப் பாருங்கோ. நுனி தடிச்சு, கொக்கி மாதிரி வளைஞ்சிருக்கு. அந்துக்கு இப்பிடி இராது. இது வண்ணத்திப்பூச்சி.”

“வண்ணத்திப்பூச்சிக்கு இவ்வளவு தடிச்ச உடம்போ? ஒரு வடிவும் இல்லை.”

“செட்டையில வெள்ளைப் புள்ளி இருக்கெல்லோ. குந்தேக்க பின்செட்டையை விரிச்சு, முன்செட்டையைப் பாதி தூக்கி வைச்சிருக்கும். பகலில பறக்குது. தண்டு துளைக்கிறது வெளிறின மஞ்சள், பொழுதுபட்டாத்தான் வரும். இதின்ர புழு இலையைத்தான் கொஞ்சம் தின்னும். வயலுக்க தடி நட்டுவிட்டா குருவியள் வந்திருந்து பொறுக்கும். மருந்தடிச்சா என்ர தேனீ மிஞ்சாது, மச்சாள்.”

என் மனம் இளகவில்லை. “பூச்சிக்கு மீசை பார்த்து வயல் செய்யேலாது பிள்ளை” என்று அனுப்பிவிட்டேன். தம்பியிடமும் கெஞ்சியிருக்கிறாள். அவளுக்கும் அவன் “ஓம்” என்றுதான் சொல்லியிருக்கிறான்.

சனிக்கிழமை காலை அவன் மருந்தடிக்கும் மெசினை முதுகில் மாட்டிக்கொண்டு வயலில் இறங்கினான். பிரியந்தினி சண்டை பிடிக்கவில்லை. தேனீப் பெட்டியை ஈரச் சாக்கால் மூடி, அதைக் கட்டிப்பிடித்தபடி அழுதாள். நான் அவள் பக்கம் திரும்பாமல் வரம்பில் நின்று, மூலை விடாமல் அடி என்று தம்பிக்குச் சொல்லிக்கொண்டிருந்தேன்.

பாதி வயல் முடிந்தபோதுதான் எனக்கு உறைத்தது. மருந்து நெடியே இல்லை. அவன் மூக்கில் துணிகூடக் கட்டவில்லை. நடுவயலில் திடீரென்று அசையாமல் நின்றான். அவனுடைய மணிக்கட்டில் ஒரு மண்ணிறப் பூச்சி குந்தி வியர்வையை உறிஞ்சிக்கொண்டிருந்தது.

பிரியந்தினி எழுந்து போய் ஓர் இலையைத் தடவி மணந்து பார்த்தாள். “வெறும் தண்ணி” என்றாள்.

“அக்காவுக்கு மாட்டன் எண்டு சொல்ல எனக்கு வாய் வராது” என்றான் அவன், கையை அசைக்காமல். “நீ சொன்னது சரிதான். மீசை வளைஞ்சுதான் இருக்கு.”

அவள் அழுதுகொண்டே சிரித்தாள். ஐம்பத்தெட்டு வயதில் சொந்தத் தம்பி என்னை ஏய்த்துவிட்டான்; வரவேண்டிய கோபம் வரவில்லை. செருப்பைக் கழற்றிவிட்டுச் சேற்றில் இறங்கினேன். பிரியந்தினி தன் கண்ணாடியைக் கழற்றி எனக்கு மாட்டிவிட்டாள். தம்பியின் மணிக்கட்டில் இருந்த பூச்சியின் மீசையைக் குனிந்து நெடுநேரம் பார்த்தேன்.

“போய்ச் சாக்கை எடு, பிள்ளை” என்றேன். “தேனீக்கு மூச்சு முட்டப்போகுது.”