அம்மன் நடந்து வந்த படம்

மகள் டிவியில் புது அம்மன் படத்தைப் போட்டுவிட்டு டீயைக் கையில் கொடுத்தாள். ஆறட்டும் என்று வைத்தேன். ஆறுவதற்குள் அம்மன் வந்துவிட்டாள். நாங்கள் பார்த்த பழைய படத்தைத்தான் திரும்ப எடுத்திருக்கிறார்களாம். அதே பாம்பு அசுரன், அதே பக்தியுள்ள பெண். இந்தப் பாம்பு செதில் செதிலாக மின்னுகிறது. அந்தப் பாம்பைத் தூக்கின கயிறு தெரியும், எங்கள் தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து மூட்டை இறங்குகிற கம்பி மாதிரி. கயிறு தெரிந்தும் பயந்தோம்.

பழைய படத்தில் அம்மன் கடைசியில்தான் வருவாள். அது எங்களுக்குத் தெரியாது.

அப்போது கல்யாணமாகி நாலு வருசம். ரெண்டு பிள்ளை தங்கவில்லை. என் சம்சாரம் ராக்கு அதிகம் பேசமாட்டாள், நானும் அப்படித்தான். ஹட்டன் கொட்டகையில் படம் வந்ததும் சொன்னாள்.

"கோயில்ல அம்மா உக்காந்தே இருக்கா. படத்துல நடந்து வர்றாளாம். பாத்துட்டுத்தான் வாயில தண்ணி படும்."

சாமி படம் என்றால் விரதம் இருந்து போவது எங்கள் லயத்து வீடுகளில் வழக்கம்.

ஞாயிற்றுக்கிழமை, மஸ்கெலியாவில் பஸ் ஏறிப் பகல் ஆட்டத்துக்குப் போனோம். இடைவேளை வரை அம்மன் வரவில்லை. சோடா வாங்கி உடைத்து நீட்டினேன். தள்ளிவிட்டாள். கையிலேயே வைத்திருந்தேன். பாம்பு அந்தப் பெண்ணை விழுங்கப் போகிற நேரம் படம் அறுந்தது. விளக்கைப் போட்டார்கள். ஒட்ட முடியாது, நாளைக்கு வாங்க என்றார் கேட்டுக்காரர். நாளைக்கு விடிந்தால் நாங்கள் பெரட்டில் நிற்க வேண்டும், வேலைக்கு.

எல்லாரும் எழுந்தார்கள். ராக்கு எழவில்லை.

"அம்மா வராம நான் எந்திரிக்கல."

பின்னாலிருந்து ஒருத்தன், "அவ மஸ்கெலியா பஸ்சுல வர்றா போல, இருங்க" என்றான். சிரித்தார்கள். சிரித்த பெண்களே ஒவ்வொருத்தராக உட்கார்ந்தார்கள். அவர்களும் விரதம். கேட்டுக்காரர் கத்திப் பார்த்தார், கெஞ்சிப் பார்த்தார். பிறகு மேலே போய் அறுந்த படத்தை ஒட்டச் சொன்னார்.

அம்மன் நடந்து வந்தாள். ராக்கு முந்தானையில் முடிந்திருந்த கற்பூரத்தைத் தரையில் கொளுத்தினாள். கேட்டுக்காரர் ஓடி வந்தார்.

"மறைக்காதீங்கண்ணே."

ஒதுங்கி நின்றார்.

வெளியே வந்து, காற்றுப் போன அந்தச் சோடாவைக் குடித்தாள்.

அடுத்த வருசம் இந்த மகள் பிறந்தாள். அதனால்தான் என்று நான் சொல்லமாட்டேன். ராக்கு சொல்லுவாள்.

கொட்டகை இருந்த இடத்தில் இப்போது துணிக்கடை. தோட்டத்துக் கம்பியையும் கழற்றிவிட்டார்கள். ராக்குவும் போய்விட்டாள். டிவியில் அம்மன் அஞ்சாறு தரம் வந்துவிட்டாள்.

"ஏம்ப்பா, டீ ஆறிப்போச்சே" என்றாள் மகள்.

"கடைசியிலயும் வருவால்ல," என்றேன். "வரட்டும்."