ஊர் என்ற கட்டம்

கவிதையை வாசிப்பதற்கு முன் அதில் என்னென்ன பொருட்கள் இருக்கின்றன என்று எண்ணிப் பார்ப்பது என் வழக்கம். வேலையால் வந்த வழக்கம் அது. நான் படவரைஞர். ஒரு வீட்டின் படத்தைக் கையில் தந்தால் அது அழகாக இருக்கிறதா என்று பார்க்கமாட்டேன். எத்தனை கதவு, எத்தனை யன்னல், எத்தனை தூண் என்று ஓரத்தில் குறித்துக்கொள்வேன். போர்க்காலத்தில் யாழ்ப்பாணத்திலிருந்து கொழும்புக்கு வந்து, டிப்ளோமா முடித்து, வெள்ளவத்தையில் ஓர் அறையில் இருந்துகொண்டு இரத்மலானையில் ஒரு கட்டட நிறுவனத்துக்கு வேலைக்குப் போய்வந்தேன்.

அறையிலிருந்து இரண்டு வீடு தள்ளி ஒரு டியூட்டரி இருந்தது. அங்கே கணிதம் படிப்பித்த மாஸ்ரர் ஒருவர் போயா என்னும் பௌர்ணமி விடுமுறைகளில் வாங்குகளை வட்டமாகப் போட்டுக் கவிதைக் கூட்டம் நடத்துவார். நாட்டிலுள்ள தமிழ்க் கவிஞர்களைப் பிரதேசம் பிரதேசமாகப் பிரித்து ஒரு தொகுப்புக் கொண்டுவர வேண்டும் என்பது அவருடைய நெடுநாள் ஆசை. என் கையெழுத்து நேராக இருப்பதைக் கண்டு, கவிதைகளைப் படியெடுத்துப் பட்டியலிடும் வேலையை என்னிடம் தந்தார்.

பட்டியலில் ஐந்து நிரல்கள் போட்டேன்: பெயர், ஊர், பிரதேசம், கவிதையின் தலைப்பு, உள்ளே வரும் பொருட்கள். ஐந்தாவது நிரலை மாஸ்ரர் கேட்கவில்லை. அது எனக்காகப் போட்டது.

கவிதை என்றால் என்னவென்று ஓரளவாவது எனக்கு விளங்கியது அந்த நிரலால்தான். வடக்கு: கிணறு, துலா, வேலி, பனை, செம்மண், சைக்கிள், பதுங்குகுழி. கிழக்கு: வாவி, வயல், வள்ளம், எருமை, எரிந்த கூரை. மலையகம்: லய வீடு, கூடை, பனிமூட்டம், அட்டைப்பூச்சி, தேயிலைச் செடி வெட்டும் கவ்வாத்துக் கத்தி. நிலம்தான் எழுத்தை உருவாக்குகிறது என்று மாஸ்ரர் சொல்லும்போது மேடைப் பேச்சாகத்தான் கேட்டது. பட்டியலில் அதைக் கண்ணால் கண்டேன். வரலாறும் அதற்குள்ளேயே இருந்தது. பழைய கவிதைகளில் பனை நின்றது. புதியவற்றில் தறிபட்டு, பதுங்குகுழிக்கு மேலே குற்றியாகக் கிடந்தது.

இன்னொன்றையும் கண்டேன். தொகுப்பில் இருந்த வடக்குக் கவிஞர்களில் பாதிப்பேர் பல வருடங்களாக வெள்ளவத்தையில் இருப்பவர்கள். தண்டவாளத்தைத் தாண்டினால் கடல். ஒருவருடைய கவிதையிலும் அந்தக் கடல் இல்லை. கடல் வந்தால் அது யாழ்ப்பாணத்துக் கீரிமலைக் கடல்தான். குறை சொல்லவில்லை. அம்மாவுக்கு நான் எழுதிய கடிதங்களிலும் அது இருக்கவில்லை.

எங்கள் அலுவலகத்தில் படங்களைப் பிரதியெடுக்கும் அமோனியா இயந்திரத்தை இயக்கிய அக்கா ஒருவர் இருந்தார். என்னைவிட எட்டு வயது மூத்தவர். கொழும்பின் மறுகோடியிலுள்ள கொட்டாஞ்சேனையிலிருந்து இரண்டு பஸ் மாறி வருவார். அவருடைய அப்பா சிறுவயதிலேயே மலையகத் தேயிலைத் தோட்டமொன்றை விட்டுவந்து, கொழும்புத் துறைமுகத்தில் மூட்டை சுமந்து ஓய்ந்தவர். அக்கா பிறந்ததும் வளர்ந்ததும் கொட்டாஞ்சேனையில். பழுதாய்ப்போன பிரதிகளின் பின்பக்கத்தில் அவர் கவிதை எழுதுவார். எழுதியதை முதலில் என்னிடம்தான் தருவார்.

"மூக்கப் புடிச்சிக்கிட்டே வாசிங்க மிஸ்" என்பார். அந்தத் தாள்களில் அமோனியா நெடி போகவே போகாது.

அவற்றில் ஒன்று எனக்கு மனப்பாடமாகிவிட்டது. அவர்களுடைய சந்தில் பதினாறு வீடுகளுக்கு ஒரே குழாய். தண்ணீர் வருவதற்கு முன்பே எல்லோரும் வாளிகளை வரிசையில் வைத்துவிட்டு வேறு வேலைக்குப் போய்விடுவார்கள். ஆள் இல்லாவிட்டாலும் வாளியின் இடம் அவருடைய இடம். ஒரு விடியற்காலையில் இராணுவச் சுற்றிவளைப்பு. தமிழர்களை மட்டும் விளையாட்டு மைதானத்துக்குக் கொண்டுபோய், அடையாள அட்டையையும் பொலிஸ் பதிவுத் துண்டையும் பார்த்து, பின்னேரம்தான் விட்டார்கள். திரும்பி வந்து பார்த்தால் வாளிகள் வைத்த வரிசையிலேயே நிற்கின்றன. எல்லாவற்றிலும் தண்ணீர் நிரம்பியிருக்கிறது. அவ்வளவுதான் கவிதை. யார் நிரப்பினார்கள் என்று அதில் இல்லை.

அதை மாஸ்ரரிடம் கொண்டுபோனேன். இரண்டு தரம் வாசித்தார்.

"நல்லாத்தான் இருக்கு, பிள்ளை. ஆனா இதில நிலம் எங்க? இதை நான் எந்தப் பகுதியில போடுறது?"

எழுதியவரைப் பற்றித் தெரிந்ததைச் சொன்னேன். தகப்பன் மலையகம் என்றால் அந்தப் பிள்ளையிடம் மலையைப் பற்றி ஏதும் இருக்குமா என்று கேட்டார். நான் அக்காவிடம் கேட்டேன். அவருடைய கவிதை அதுவரை எங்கும் அச்சில் வந்ததில்லை. தொகுப்பு என்றதும் முகத்தில் வந்த வெளிச்சத்தை மறைக்கத் தெரியாமல் இயந்திரத்தின் பக்கம் திரும்பிக்கொண்டார். ஒரு கிழமையில் மலைக் கவிதை வந்தது. பனி இறங்கும் சரிவு, கூடைக் கயிறு நெற்றியில் பதிந்த தழும்பு, காலையில் பிரட்டுக்களத்தில் வேலைக்குப் பெயர் கூப்பிடும் குரல். அக்கா ஒருநாளும் மலைக்குப் போனதில்லை. அப்பா சாப்பிடும்போது சொல்லும் கதைகள்தான் அதெல்லாம் என்றார். மாஸ்ரருக்குக் கவிதை மிகவும் பிடித்துவிட்டது. குழாயடிக் கவிதை என் கோப்பிலேயே கிடந்தது.

பிழை நான் விட்டது அதற்குப் பிறகு.

எங்கள் எழுத்தாளர்கள் பலருக்குப் பெயருக்கு முன்னால் ஊரின் பெயரைச் சேர்த்துக்கொள்ளும் வழக்கம் உண்டு. தொகுப்பிலும் எல்லோருக்கும் அப்படியே போடுவதென்று மாஸ்ரர் முடிவு செய்திருந்தார். அக்கா தந்த தாளில் ஊர் என்ற கட்டம் வெறுமையாக இருந்தது. எங்கள் வேலையில், படத்தின் வலது மூலையில் இருக்கும் விபரக் கட்டங்களில் ஒன்று காலியாக இருந்தாலும் பொறியியலாளர் கையெழுத்து வைக்கமாட்டார். படம் திரும்பி வரும். அதனால் வெறுமையான கட்டத்தைக் கண்டால் என் கை தானாக நிரப்பிவிடும். பிரதேசம் மலையகம், ஆகவே ஊர் அட்டன் என்று எழுதினேன். அவருடைய அப்பாவின் தோட்டம் அட்டனுக்குக் கிட்ட என்று எப்போதோ சொன்ன ஞாபகம். அக்காவிடம் கேட்க வேண்டும் என்றுகூட எனக்குத் தோன்றவில்லை.

அச்சுப்பிரதி திருத்தத்துக்கு வந்தபோது அக்காவின் பக்கத்தைச் சாப்பாட்டு நேரத்தில் அவரிடம் மகிழ்ச்சியோடு நீட்டினேன். அட்டன் என்று முன்னால் போட்டுத் தன் பெயர் இருப்பதைப் பார்த்தார். தாளை மடித்துச் சாப்பாட்டுப் பெட்டிக்குக் கீழே வைத்தார். 

"செக்பொயின்ட்ல ஐசி கார்ட நீட்டுவேன். பிறந்த எடம் கொழும்புன்னு இருக்கும். ஆமிக்காரன் பாத்துட்டு, 'கம கொஹேத?'ன்னு கேப்பான். சொந்த ஊரு எதுன்னு. கொட்டாஞ்சேனைன்னு சொல்லுவேன். அது இல்ல, கம கொஹேதன்னு திரும்பவும் கேப்பான்." சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னார். "பத்து வருசமா அதே பதிலத்தான் சொல்றேன் தங்கச்சி. ஒருத்தனும் நம்பல. நீங்களும் நம்பல."

அவர் என்னைத் தங்கச்சி என்று சொன்னது அன்றுதான் முதல் தரம். கோபத்தில் மிஸ் என்று சொல்லியிருந்தால் தாங்கியிருப்பேன்.

புத்தகத்திலிருந்து தன்னை எடுத்துவிடச் சொன்னார். சத்தம் போடவில்லை. பின்னேரம் வழக்கம்போல என் படங்களையும் பிரதியெடுத்துத் தந்தார், ஓரங்களை மடிப்பில்லாமல் வெட்டி.

திங்கட்கிழமை பக்கங்கள் அச்சகத்துக்குத் திரும்பிப் போக வேண்டும். சனிக்கிழமை வகுப்பு முடியும்வரை டியூட்டரி வாசலில் நின்றேன். மாஸ்ரர் கையிலிருந்த சோக்குத் தூளைத் தட்டிக்கொண்டு வந்தார். நான் செய்ததைச் சொன்னேன். பிறகு பட்டியலை விரித்துக் குழாயடிக் கவிதைக்கு நான் போட்டிருந்த ஐந்தாவது நிரலைக் காட்டினேன்: வாளி, குழாய், அடையாள அட்டை, பதிவுத் துண்டு, மைதானம். தொகுப்பில் வேறு எவரிடமும் இல்லாத பொருட்கள்.

"நிலம் இல்லை எண்டு சொல்லேலாது, சேர். நாங்கள் எல்லாரும் இருந்துகொண்டே எழுதாமல் விட்ட நிலம்."

அவர் பட்டியலை மேலிருந்து கீழே பார்த்தார். வடக்குப் பகுதியில் அவருடைய கவிதைகளும் மூன்று இருந்தன. மூன்றிலும் கிணறு.

"அப்ப கொழும்பு எண்டு ஒரு பகுதியே போடவேணும். ஒரு ஆளுக்காக ஒரு பகுதியோ, பிள்ளை?"

"ஓம் சேர். ஒரு ஆள்தானே எழுதியிருக்கிறா."

அவர் சிரித்தார் என்று சொல்லமுடியாது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். தான் இந்த வீதிக்கு வந்து பதினொரு வருடம் என்றார். பிறகு, மலைக் கவிதையை விட மனமில்லை, அதையும் தரச் சம்மதிப்பாவா என்று கேட்டு வரச் சொன்னார்.

திங்கள் காலை இயந்திரத்துக்குப் பக்கத்தில் நின்று எல்லாவற்றையும் ஒப்புவித்தேன். முதலில் மன்னிப்புக் கேட்டேன். பிறகு கொழும்புப் பகுதி, கொட்டாஞ்சேனை என்ற ஊர், குழாயடிக் கவிதை. அக்கா கேட்டுக்கொண்டே தாள்களை அடுக்கினார். ஒரு தாள் தலைகீழாகப் போனது. எடுத்துத் திருப்பி வைத்தார். மலைக் கவிதையைப் பற்றிக் கேட்டபோது கடைசியில் சிரிப்பு வந்தது.

"அது எங்கப்பா கத. அவரு பேரப் போட்டாப் போடுங்க."

விளையாட்டாகச் சொன்னதுதான். மாஸ்ரர் அதை விளையாட்டாக எடுக்கவில்லை. புத்தகம் வந்தபோது மலையகப் பகுதியில் அட்டன் என்று முன்னால் போட்டு அக்காவின் அப்பாவின் பெயர் இருந்தது. கடைசிப் பகுதியில் கொட்டாஞ்சேனை என்று போட்டு அக்காவின் பெயர்.

அடுத்த ஞாயிறு அக்கா என்னை வீட்டுக்கு அழைத்தார். இரண்டு வருடப் பழக்கத்தில் நான் கொட்டாஞ்சேனைக்குப் போனது அதுதான் முதல் தடவை. அப்பா கட்டிலில் சாய்ந்திருந்தார். தோள் இரண்டும் ஒரு பக்கமாகச் சரிந்த பெரிய உடம்பு. அவருக்கு எழுத வாசிக்கத் தெரியாது. புத்தகத்தை வாங்கி, தன் பெயர் எது என்று கேட்டு, நான் காட்டிய இடத்தில் விரலை வைத்துக்கொண்டார். விரலை எடுக்காமலே, வாசி என்றார்.

அக்கா வாசித்தார். அப்பா கண்ணை மூடிக் கேட்டார். முடிந்ததும் இன்னொரு தரம் என்றார். இரண்டாம் தரம் நடுவில் கையைத் தூக்கி நிறுத்தினார்.

"பனி எறங்கும்னா போட்டிருக்கு?"

"ஆமாப்பா."

"எங்க பக்கம் எறங்காது. காலையில பள்ளத்துல இருந்து மேல ஏறும். கால மறைக்கும், இடுப்ப மறைக்கும், அப்புறந்தான் மூஞ்சி."

"அச்சாகிருச்சுப்பா. இனி மாத்த ஏலாது."

"ஏன் ஏலாது? என் பேருல்ல போட்டிருக்கு."

என் கைப்பையில் மைப்பேனா இருந்தது. அவர் பார்த்துக்கொண்டிருக்க, 'இறங்கும்' என்பதை ஒற்றைக் கோட்டால் வெட்டி, அதற்கு மேலே 'ஏறும்' என்று சிறிய எழுத்தில் எழுதினேன். காயும்வரை அவர் அந்தப் பக்கத்தை விரித்துப் பிடித்திருந்தார். பிறகு பேனாவைக் காட்டி, மிச்சப் புத்தகமெல்லாம் எங்கே இருக்கிறது என்று என்னிடம் கேட்டார்.