இலை வைக்காத கீஷ்

என் மருமக அடுப்படி வாசல்ல வந்து நின்னு, "மாமி, இன்னைக்கு நோன்பு திறக்க நான் ஒண்ணு செய்யட்டுமா?"ன்னு கேட்டா.

"செய்யேம்மா. என்ன செய்யப் போற?"

"டூனா கீஷ்."

அது என்னன்னு நான் கேக்கல. கேட்டா எனக்குத் தெரியாதுன்னு ஆயிருமே. "ஓ, அதா, செய்யி"ன்னுட்டு, கஞ்சிக்கு வெந்தயம் ஊறிட்டான்னு பார்க்கிற மாதிரி திரும்பிக்கிட்டேன். வெந்தயம் காலையிலயே ஊறி முடிஞ்சிருந்தது.

அவளைப் பெத்தவங்க ரெண்டு பேரும் எங்க மேலப்பாளையத்து ஆளுங்கதான். ஆனா அவ பிறந்து வளர்ந்தது எல்லாம் சார்ஜா. என் சின்ன மகனைக் கட்டிக்கிட்டு இங்கன வந்தா. அவன் லீவு முடிஞ்சதும் கத்தாருக்குப் பிளேன் ஏறிட்டான். குடும்ப விசா வர்ற வரைக்கும் அவ எங்கூட இருக்கணும்னு பேச்சு. இருந்தா. குடுத்ததைச் சாப்பிட்டா, தட்டைக் கழுவி வச்சா, கூப்பிட்ட குரலுக்கு வந்தா. ஒரு குறை சொல்லல. குறை சொல்லுற மருமகன்னா சமாளிச்சிரலாம், பதிலுக்கு நம்மளும் ரெண்டு சொல்லலாம். ஒண்ணுமே சொல்லாதவளை என்ன செய்ய?

அன்னைக்கு விடியுமுன்ன சஹருக்குச் சாப்பிடும்போதுதான் மெதுவா வாயைத் திறந்தா. அவ வாப்பா பெருநாளுக்கு ஊருக்கு வாராங்களாம். விசா வர்ற வரைக்கும் சார்ஜாவுல வந்து இரேன், திரும்பும்போது கூட்டிட்டுப் போறேன்னு சொல்லுதாங்களாம். "டிக்கெட் போடணுமாம் மாமி. இன்னைக்கு சாயங்காலம் மகரிபுக்கு மேல போன் பண்ணுவாங்க, சொல்லணும்."

"உன் இஷ்டம்மா"ன்னேன்.

சொல்லிட்டேனே தவிர, போக விட மனசில்ல. போனா எங்க வருவா? விசா வந்ததும் அங்க இருந்து அப்படியே கத்தாருக்குப் போயிருவா. இந்த வீட்டுல அவ இருந்ததுக்கு அடையாளமா குளியலறையில ஒரு ஷாம்பு பாட்டில் கிடக்கும். எனக்கு அவளைப் பிடிச்சுப் போயிருந்தது. வீட்டுல இன்னொரு ஆளு நடமாடுற சத்தம் பிடிச்சுப் போயிருந்தது. அதை எப்படிச் சொல்லுறதுன்னு எனக்குத் தெரியாது. எனக்குச் சொல்லத் தெரிஞ்சதெல்லாம் "இன்னொரு தோசை வைக்கட்டா"தான். வச்சேன். அதையும் சாப்பிட்டா.

இதுல அன்னைக்குப் பார்த்து விருந்தாளி வேற. ஏர்வாடியில கட்டிக் குடுத்த என் மூத்த மக வாரா. என் வீட்டுக்காரருக்கு அக்கா, நான் மைனின்னு கூப்பிடுதவங்க, அவங்களும் வாராங்க. புதுப்பொண்ணுக்கு நம்ம வீட்டுல இது முதல் நோன்பு, பார்த்துட்டுப் போக வாரோம்னாங்க. மைனி பார்த்துட்டுப் போறதுன்னா சும்மா இல்ல. என் கல்யாணத்து பிரியாணியில பட்டை கூடிப்போச்சுன்னு இன்னமும் சொல்லிக்கிட்டுத் திரியுத ஆளு. கீஷ் சரியா வரலைன்னா என் மருமகளுக்கு மவுத்தாகிக் கண்ணை மூடுற வரைக்கும் அதுதான் பேரு. அவமானப்பட்ட பிள்ளை சாயங்காலம் வாப்பா கேட்டா என்ன சொல்லும்? டிக்கெட் போடுங்கன்னுதான் சொல்லும்.

மதியம் லுஹர் தொழுதுட்டு மருமக வேலையை ஆரம்பிச்சா. மைதாவையும் வெண்ணெயையும் விரல் நுனியால உதுத்து, ஐஸ் தண்ணி தெளிச்சு உருட்டி, அதைத் துணியில சுத்தி பிரிட்ஜுல வச்சா. பரோட்டாவுக்கு அடிச்சுப் பிசையுத மாவைப் பார்த்த கண்ணுக்கு அது கொஞ்சுத மாதிரி இருந்துச்சு. பிறகு மெதுவா வெளிய எடுத்து, தேய்ச்சு, கேக் தட்டுல விரிச்சா. அதுக்கு மேல பட்டர் பேப்பர் போட்டு, என் டப்பாவைத் திறந்து, பச்சைக் கொண்டைக்கடலையை அள்ளிக் கொட்டி ஓவன்ல வச்சா.

ஊறப் போடாத கடலை. நான் பல்லைக் கடிச்சுக்கிட்டு நின்னேன். நோன்பு வச்சிருக்கோம், கோபப்படக் கூடாது. கொஞ்ச நேரத்துல வெளிய எடுத்து, கடலையை எல்லாம் திரும்ப ஒரு தட்டுல கொட்டிட்டா. மாவு பொங்காம இருக்க பாரமாம். "ஓ, ஆமா"ன்னேன்.

அடுத்து மீன். அவ வாப்பா அனுப்புன பெட்டியில வந்த டின். டின் மேல போட்டிருந்த படத்தைக் கண்ணாடி போட்டுப் பார்த்தேன்.

"இது சூரைல்லா."

"டூனா மாமி."

உவரிப் பக்கத்துல இருந்து வர்ற மீன்காரர் கூடையில சூரை கிடந்தா, ரத்த மீன், வேண்டாம் அண்ணாச்சின்னு தள்ளி விடுத ஆளு நான். அது கடல் தாண்டிப் போய் டின்னுக்குள்ள ஏறி என் அடுப்படிக்கே வந்துட்டு. டின் தண்ணியை வடிச்சா, மீனை உதுத்தா, வெங்காயம் வதக்கிச் சேர்த்தா. நாலஞ்சு முட்டை உடைச்சு ஊத்தி, பாலாடை மாதிரி கிரீம் ஊத்தி, மேல பாலும் ஊத்துனா.

மீன்ல பால். எங்க ஊருல மீன் சாப்பிட்ட கையோட மோர் குடிச்சாலே தேமல் வரும்னு தட்டிப் பறிப்பாங்க. இவ ஒரே சட்டியில கலக்கிக்கிட்டு நிக்கா. "அங்க எல்லாரும் சாப்பிடுவாங்களாம்மா?"ன்னு கேட்டேன். சாப்பிடுவாங்களாம். யாருக்கும் தேமல் வரலையான்னு கேக்க வாய் வந்துச்சு, அடக்கிக்கிட்டேன். சீஸைத் துருவி அதுல பாதியைப் போட்டுக் கலக்குனா, மிளகுத்தூள் போட்டா. சட்டியை மூடி வச்சுட்டு, "அஸர் தொழுதுட்டு வந்து மாவுல ஊத்தி ஓவன்ல வச்சிருதேன் மாமி"ன்னு மாடிக்குப் போயிட்டா.

இங்கன ஒண்ணு சொல்லணும். நோன்பு மாசத்துல சமைக்கிறவளுக்கு ருசி பார்க்க வழி கிடையாது. நாக்கு நுனியில வச்சுட்டுத் துப்பிரலாம்னு சிலபேர் சொல்லுவாங்க. எங்க வீட்டுல அந்தப் பழக்கம் இல்ல, மைனி இருக்குத வீட்டுல நாக்கை நீட்டுத தைரியமும் இல்ல. முன்னால ஒரு தடவை கஞ்சிக்கு என் மாமி ஒரு கை உப்பு போட, அது தெரியாம நானும் ஒரு கை போட, அன்னைக்கு வீடே வெறும் பேரீச்சம்பழத்தோட நோன்பு திறந்துச்சு. அதுக்குப் பிறகு ஒரு வழக்கம் வந்துட்டு. உப்பு போட்டவ மூடி மேல ஒரு இணுக்கு கறிவேப்பிலை வைக்கணும். இலை இருந்தா உப்பு போட்டாச்சு, கை வைக்காதே. இலை இல்லைன்னா இனிமேதான் போடணும். எங்க வீட்டுல பிறந்தவங்க, வாழ வந்தவங்க எல்லாருக்கும் இது தெரியும்.

கீஷ் சட்டி மூடி மேல இலை இல்ல.

பிள்ளை மறந்துட்டு. கூப்பிட்டுச் சொல்லலாம். ஆனா அதுக்குள்ள வந்துட்ட மைனியும் என் மகளும் முன் ரூம்ல உக்காந்திருக்காங்க. உப்பு போட மறந்துட்டாளாம்னு அது ஒரு பேச்சாயிரும். சத்தம் காட்டாம மூடியைத் திறந்தேன், கல்லுப்பு ஒரு கை அள்ளிப் போட்டுக் கலக்குனேன், மூடுனேன். இலை வைக்கல. வச்சா நான் போட்டது அவளுக்குத் தெரிஞ்சிரும், சங்கடப்படுவா. ஒரு நல்ல காரியம் செஞ்ச திருப்தியோட தொழப் போனேன். தொழுதுட்டு வந்தப்போ என் மக அடுப்படியில இருந்து கையைத் தட்டிக்கிட்டு வெளிய வந்தா. மைனி தண்ணிக் குடத்தை மூடப் போனேன்னு சொல்லிட்டு வந்தாங்க. எங்க வீட்டுல குடம் கிடையாது, கேன்தான். அன்னைக்கு அதை நான் யோசிக்கல.

கீஷ் வெந்து வந்துச்சு. மேல சீஸ் செவசெவன்னு முறுகி, வீடெல்லாம் வாசனை. எனக்கே ஆசையா இருந்துச்சு.

ஆம்பளைங்க பள்ளிவாசலுக்குப் போயிட்டாங்க. பாங்கு சொன்னதும் நாங்க நாலு பேரும் பேரீச்சம்பழம் வாயில போட்டு, தண்ணி குடிச்சு, கஞ்சியும் வடையுமா முடிச்சோம். பிறகு அவ கீஷை முக்கோணமா வெட்டி, முதல் துண்டை மைனி தட்டுல வச்சா.

மைனி வாயில போட்டாங்க. மென்னாங்க. முகத்துல ஒரு அசைவு இல்ல. முழுங்கிட்டு, "நல்லாருக்கு"ன்னாங்க.

எனக்குச் சந்தேகம் வந்துட்டு. என் கல்யாணத்துல இருந்து மைனி வாயில இருந்து அந்த வார்த்தை வந்து நான் கேட்டதில்ல. என் மகளும் சாப்பிட்டுட்டு, "நல்லாருக்குட்டி"ன்னு சொல்லி ஒரு டம்ளர் தண்ணியை ஒரே மடக்கா குடிச்சா. நான் வாயில வச்சேன். கருவாட்டுக்கு உப்பு தடவுவாங்கல்ல, அந்த உப்பு. அத்தனையும் நான் போட்டதுன்னு நினைச்சேன். என் கையால இந்தப் பிள்ளை பேரைக் கெடுத்துட்டேனே. விட்டுக் குடுக்கக் கூடாதுன்னு முழுத் துண்டையும் தின்னுட்டு, இன்னொண்ணு கேட்டேன். நான் கேட்டதைப் பார்த்து மைனியும் கேட்டாங்க. மைனி கேட்டதைப் பார்த்து என் மகளும் கேட்டா. தண்ணி ஜக்கு காலியாயிட்டு.

எல்லாருக்கும் வச்ச பிறகுதான் அவ தன் தட்டுல ஒரு துண்டு வச்சா. கடிச்சா. அப்படியே தட்டுல திருப்பி வச்சா.

"மாமி, நான் உப்பே போடலையே. டின்லயும் சீஸ்லயும் இருக்குத உப்பே போதும்னுதான் போடல."

நான் மைனியைப் பார்த்தேன். மைனி என் மகளைப் பார்த்தாங்க. என் மக டம்ளரைப் பார்த்தா.

"இலை இல்லைன்னு நான் ஒரு ஸ்பூன் போட்டேன்மா"ன்னா.

"நான் ரெண்டு ஸ்பூன்"னாங்க மைனி. "சட்டி பெருசா இருந்துச்சுல்லா. புதுப்பொண்ணு, தெரியாம விட்டிருக்கும், சபையில சொல்ல வேண்டாம்னு பார்த்தேன்."

"நான் கல்லுப்பு"ன்னேன். எத்தனை கைன்னு அவங்க கேக்கல.

"என்ன இலை?"ன்னு கேட்டா என் மருமக.

அப்பதான் எனக்கு உறைச்சுது. அவளுக்கு இலைக் கணக்கு எப்படித் தெரியும்? நான் சொன்னாத்தானே? நோன்பு பிறந்ததுல இருந்து அவளைப் பேரீச்சம்பழம் அடுக்கச் சொன்னேன், தர்பூசணி வெட்டச் சொன்னேன், ரோஸ்மில்க் கலக்கச் சொன்னேன். உப்பு போடுத சட்டி ஒண்ணைக்கூட அவ கையில குடுக்கல. பாவம், கஷ்டப்பட வேண்டாம்னு நினைச்சேன். வந்துட்டுப் போறவங்களை அப்படித்தான் வச்சுக்குவோம். என் மகளை "ஏட்டி"ம்பேன், இவளை "ம்மா"ம்பேன். இவ போறதைப் பத்தி சஹர்ல இருந்து மனசுக்குள்ள அழுதுக்கிட்டு இருக்கேன், ஆனா இவ வந்த நாள்ல இருந்து விருந்தாளியாத்தான் வச்சிருந்திருக்கேன்.

இலை வழக்கத்தை என் மகதான் சொன்னா. கேக்கக் கேக்க மருமக முகம் மாறுச்சு. வாயைப் பொத்திக்கிட்டுச் சிரிக்க ஆரம்பிச்சா. நிறுத்த முடியாம சிரிச்சா. அவளுக்கு இப்படி ஒரு சிரிப்பு இருக்குன்னே எனக்குத் தெரியாது.

அந்த நேரம் பார்த்து போன் அடிச்சுது. அவ வாப்பா. சார்ஜாவுல இன்னும் பாங்கு சொல்லல. பிரிட்ஜுகிட்ட நின்னு பேசுனா. நாங்க மூணு பேரும் கேக்காத மாதிரி உக்காந்து கேட்டோம்.

"செஞ்சேன் வாப்பா. உப்பு கூடிப் போச்சு. இல்ல, நான் போடல, இவங்க மூணு பேரும் போட்டாங்க. சே, சண்டை எல்லாம் இல்ல. எனக்காகத்தான் போட்டாங்க."

அந்தப் பக்கம் என்னவோ கேட்டாங்க. "டிக்கெட்டா?"ன்னு சொல்லிட்டு, திரும்பி என்னைப் பார்த்தா.

இருந்துட்டுப் போயேன்னு சொல்லணும். பிடிச்சிருக்குன்னு சொல்லணும். வாயில வந்தது வேற.

"ஏட்டி, நாளைக்குக் கஞ்சி நீதான் வைக்கணும்."

அவ போனை மறு காதுக்கு மாத்துனா. பிறகு போன்ல, "வாப்பா, நாளைக்குக் கஞ்சி நான் வைக்கணுமாம். நீங்க பெருநாளுக்கு வாங்க. டிக்கெட் உங்களுக்கு மட்டும் போடுங்க"ன்னா.

மறுநாள் அஸருக்குப் பிறகு அடுப்படிப் பக்கம் போனேன். கஞ்சிப் பானை மூடி மேல ஒரு இணுக்கு மட்டும் இல்ல, ஒரு கொத்து கறிவேப்பிலையே கிடந்துச்சு. தொடாம திரும்பி வந்துட்டேன். கஞ்சியில உப்பு கொஞ்சம் குறைச்சல்தான். ரெண்டு கிண்ணம் குடிச்சேன்.