ராசம்மாவின் ரோலர்

பீலித் தண்ணீரில் அமிலத்தைக் கலந்தவன் நான். பழியைச் சுமப்பவள் ராசம்மா.

தெஹியோவிட்டவுக்கு அப்பால், ரப்பர் தோட்டம் தொடங்கும் சந்தியில் என் பேட்டரிக் கடை. பக்கத்திலுள்ள பெரிய தொழிற்சாலை பழைய பேட்டரிகளை வெளியேற்றத் தனி உரிமம் வேண்டும். அவை எங்கே போயின என்று காட்டவும் வேண்டும். என் கடைக்கோ பிரதேச சபையின் ஒற்றைத் தாள். ஓடையோர மேட்டுக் கொட்டகையில் ரப்பர் ஷீட் அடிக்கும் ராசம்மாவிடம் யாரும் எதையும் கேட்டதில்லை. அவ்வளவு சின்னத் தொழில்!

என்னோடு படித்த குமரன் தொழிற்சாலையின் ஸ்டோர் கிளார்க்.

"மச்சான், எங்களுக்குன்னா கொழும்புலேருந்து வந்து நோண்டுவானுங்க. ஒன் கடைய எவன் எட்டிப் பாக்கப் போறான்?"

பழைய பேட்டரிகளை லொறியில் அனுப்பினான். ஈயத்தை விற்றேன். அமிலத்தைப் பின்பக்கக் கழிவுநீர்க் கானில் கவிழ்த்தேன். கான் ஓடையில் விழும். ஓடைதான் கீழே தோட்டத் தொழிலாளர் லயத்துப் பீலியாகக் கொட்டும். எனக்குத் தெரியாதா? தெரியும்!

பீலியில் குளித்த பெண்களின் தோள்கள் வெந்தன. சபை அதிகாரி வந்தார். பதறிப்போய்க் குமரனை அழைத்தேன்.

"நான் எப்படா ஒனக்குக் குடுத்தேன்? எங்க சாமான் முறையா போனதுக்குப் பேப்பர் இருக்கு."

சிரித்தான்... ஒரே பெஞ்சில் என் தோளில் சாய்ந்து தூங்கியவன்!

தொழிற்சாலையிடம் தாள். என் சுவரில் தாள். உனக்கு வேண்டியதில்லை என்று விடப்பட்ட ராசம்மாவிடம் காட்ட ஒன்றுமில்லை.

அதிகாரி என்னைத் தனியே அழைத்து, அந்த அம்மா அமிலம் பாவிக்கிறாளா என்று சிங்களத்தில் கேட்டார்.

"ஓவ் சேர்."

ஆம் ஐயா. பொய்யில்லை! ரப்பர் பாலை உறைய வைக்கக் கொஞ்சம் ஊற்றுவாள், அவ்வளவுதான்... அதைச் சொல்ல ஒரு மூச்சு போதும். ஏன் சொல்லவில்லை? குமரன் எனக்குச் செய்ததை இறக்கி வைக்க, என்னைவிடச் சின்ன ஆள் ஒருத்தி தேவைப்பட்டாளோ?

கொட்டகையை மூடினார்கள். லயத்தில் யாரும் அவளுக்கு முகம் கொடுப்பதில்லை.

ஷீட் அடிக்கும் இரும்பு ரோலரை த்ரீவீலில் ஏற்றிக்கொண்டு என்னிடம்தான் வந்தாள்.

"ஒங்க எடத்துல இருக்கட்டும் அண்ணே. அங்க வச்சா பழைய இரும்புக்குத் தூக்கிட்டுப் போயிருவாங்க. நீங்க ஒருத்தர்தான் என்னையப் பத்தி ஒண்ணும் தப்பாப் பேசல."

இறக்கி வைத்தேன். துருப்பிடிக்காமல் எண்ணெய் பூசுகிறேன்... வேறென்ன செய்கிறேன்?

சந்திக்கு வரும்போதெல்லாம் எட்டிப் பார்க்கிறாள். "தொறக்க விடுவாங்களா அண்ணே?"

உங்களிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவளிடம் இன்று காலையிலும் சொன்னது ஒன்றுதான்.

"பாப்போம் தங்கச்சி."