பதினான்காம் நம்பர் கடை

சில மாதங்களுக்கு முன் கோர்ட்டுக்குப் போக வேண்டி வந்தது. என் கேஸ் இல்லை — பயப்படாதீர்கள்! எங்கள் சின்ன காஞ்சிபுரம் தெருவில், நாலு வீடு தள்ளி இருக்கும் வசந்தா அக்காவின் கேஸ்.

அக்காவும் கணவரும் பழைய நகராட்சிக் கட்டடத்தில் நாட்டு மருந்துக் கடை வைத்திருந்தார்கள். அதை இடித்துப் புதிதாகக் கட்டியபோது, பழைய கடைக்காரர்களுக்குக் குலுக்கலில் கடை ஒதுக்கினார்கள். அக்காவுக்குப் பதினான்காம் நம்பர். வாசலை ஒட்டிய கடை! முப்பது நாளில் வந்து கையெழுத்துப் போடச் சொல்லி ஆர்டர் வந்தது.

அந்த வாரமே கணவருக்குப் பக்கவாதம்.

திருப்பிப் படுக்க வைக்க, ஊட்ட, குளிப்பாட்ட... எல்லாவற்றுக்கும் அக்கா ஒருவர்தான். கெடு போனது. ஒன்பது வருடமும் போனது. கணவர் காலமான பிறகுதான் அக்கா பீரோவிலிருந்து அந்த ஆர்டரை எடுத்தார். கேஸ் போட்டார்.

"நீ கூட வாம்மா. கோர்ட்டு வாசல மிதிச்சதே இல்ல" என்றார். போனேன்.

நீதிபதி கேட்டார்: "ஒன்பது வருஷம் ஏம்மா வரலை?"

"அவர உட்டுட்டு எப்பிடிங்கய்யா வருவேன்?"

அவ்வளவுதான். நீதிபதி அதைக் குறித்துக்கொண்டார்.

நியாயமான காரணம்தானே? பிறகு ஏன் சட்டம் தாமதத்தைக் கண்டால் முகம் சுளிக்கிறது? அன்றுதான் புரிந்தது. நாம் வரும்வரை இடம் காத்திருப்பதில்லை. பதினான்காம் நம்பரில், பக்கத்து ஊரான முசரவாக்கத்துக்காரர் ஒருவர் எட்டு வருடமாகத் தையல் மெஷின் ரிப்பேர் செய்கிறார். அக்காவின் கெடு முடிந்தபின் நகராட்சி விட்ட ஏலத்தில் முறையாக எடுத்தவர். மனைவியோடு பின்வரிசையில், முகம் வெளுத்துப்போய் உட்கார்ந்திருந்தார்.

அக்காவின் வக்கீல் குனிந்து கிசுகிசுத்தார்: "காரணம் பலமா இருக்குது. அந்தக் கடையேதான் வேணும்னு கெட்டியா நில்லுங்க."

அக்கா திரும்பினார். பின்வரிசையை ஒரு நிமிடம் பார்த்தார்.

"ஐயா, அந்தக் கடை வேணாங்க. நான் ஊட்ல இருந்தப்ப அந்த மெஷின்காரரு அங்க பொழச்சிக்கினு இருந்தாரு. அவரு என்னா தப்பு பண்ணாரு? காலியா கெடக்கிறது ஏதாச்சும் ஒண்ணு குடுங்க, போதும்."

வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். எனக்குப் புல்லரித்தது. ஒன்பது வருடத்தைத் தொலைத்தவர், கைக்கு எட்டிய கடையை இன்னொருவர் பிழைப்புக்காக விடுகிறார்! நானாக இருந்தால்? பொய் சொல்ல மாட்டேன்... கடையைத்தான் கேட்டிருப்பேன்.

காலிக் கடை ஒன்றை ஒதுக்கும்படி உத்தரவு வந்தது. கிடைத்தது மாடியில், கடைசிக் கடை. மருந்து அலமாரியை மேலே தூக்கிப் போனவர் யார் தெரியுமா? மெஷின்காரர்தான். "மெதுவாப்பா, இடுப்பு புடிச்சிக்கப் போவுது" என்று சொல்லிக்கொண்டே பின்னால் ஏறினார் அக்கா.

திறந்த அன்று நானும் மூச்சு வாங்க ஏறினேன். "இத்தனை படி ஏறி யாரு வருவாங்கக்கா?"

"இருமல் தாங்காதவங்க ஏறித்தாம்மா வருவாங்க."

எனக்கு இருமல் இல்லை. ஆனாலும் சுக்கும் திப்பிலியும் வாங்காமல் இறங்க மனம் வரவில்லை.